‘முந்திக்கொண்டேன்’: ஆங்கிலத்தில் எந்த இடத்தில் எந்தச் சொல்?

கொழும்பில் ஒரு காப்புறுதி நிறுவனத்தில் வேலை செய்பவர் கேட்ட கேள்வி இது: “நான் சொல்ல வந்ததை மனேஜர் முந்திச் சொல்லிவிட்டார். புதிய திட்டம் ஒன்றில் போட்டிக் கம்பனி எங்களுக்குத் தெரியாமலே தயாராகி எங்களை முந்திவிட்டது. வாடிக்கையாளர் ஒருவர் முறைப்பாடு செய்ய முதல் நாங்களே முந்திக்கொண்டு அழைத்துப் பேசிவிட்டோம். இந்த மூன்றுக்கும் ‘ப்ரீஎம்ப்ட்’ என்று எழுதினால் சரியா?”

மூன்றாவதற்கு மட்டும் சரி. “வி ப்ரீஎம்ப்டட் த கம்ப்ளெயின்ட் பை கோலிங் த கஸ்டமர் ஃபர்ஸ்ட்” என்று தாராளமாக எழுதலாம். முதலாவதற்கு “ஹி பீட் மீ டு இட்” போதும். இரண்டாவதற்கு “தே ஸ்டோல் எ மார்ச் ஒன் அஸ்”. ஏன் இப்படிப் பிரிகிறது என்பதைத்தான் விரிவாகச் சொல்ல வேண்டும். காரணம் பிடிபட்டால் பட்டியல் மனப்பாடம் செய்யத் தேவையில்லை.

தமிழில் ‘முந்து’ எல்லா வேலைக்கும் போகும். பந்திக்கு முந்துகிறவனும் முந்துகிறான், காலி வீதியில் பஸ்ஸை வெட்டிக்கொண்டு போகும் ஓட்டோவும் முந்துகிறது. கொள், விடு என்று ஒரு துணைவினையைச் சேர்த்தால் மிச்சக் கருத்தும் வந்துவிடும். ஆங்கிலத்தில் அப்படி ஒரு பொதுவினை கிடையாது. எதை முந்தினீர்கள் என்பதைப் பொறுத்து வினையே மாறிவிடும். ஆகவே சொல்லைத் தேட முதல் ஒன்றைக் கேட்டுக்கொள்ளுங்கள்: முந்தியது ஆளையா, அந்த ஆள் செய்யவிருந்த செயலையா, வரவிருந்த கெடுதியையா? பெரும்பாலான பிழைகள் இந்த மூன்றையும் குழப்புவதால் வருபவை.

ஆளை முந்தினால் ‘பீட்’. அமைப்பு இறுக்கமானது: பீட், அதன்பின் ஆள், அதன்பின் ‘டு’, அதன்பின் இடம் அல்லது பொருள். தென்துருவத்தை அமுண்ட்சென் 1911 டிசெம்பர் 14 அன்று அடைந்தார். ஸ்கொட் போய்ச் சேர்ந்தது 1912 ஜனவரி 17 அன்று. இதை “அமுண்ட்சென் பீட் ஸ்கொட் டு த போல்” என்பார்கள். இங்கே வரும் ‘டு’ வேற்றுமை உருபு போன்றது. அதற்குப் பின் வினையின் வேர்ச்சொல்லை வைக்கக்கூடாது. “ஷி பீட் மீ டு டெல் த நியூஸ்” என்பது நம்மவர் அடிக்கடி எழுதும் பிழை. “டு இட்” என்று முடித்துவிடுங்கள், எதை என்பது சூழலிலேயே தெரியும். இறந்தகாலத்திலும் ‘பீட்’தான், ‘பீட்டட்’ என்று ஒன்று இல்லை. செயப்பாட்டுவினையிலும் ‘ஹேவ்’, ‘ஹேட்’ சேரும் இடங்களிலும் ‘பீட்டன்’ வரும்: “ஐ வாஸ் பீட்டன் டு இட்”, “ஹி ஹேஸ் பீட்டன் மீ டு இட்”.

இந்தத் தொடரில் குற்றச்சாட்டு எதுவும் கிடையாது. கொத்து ரொட்டிக் கடையில் நண்பர் முந்திக்கொண்டு பில்லைக் கட்டினால் “யூ பீட் மீ டு இட்” என்று சிரித்துக்கொண்டு சொல்லலாம், மேலதிகாரியிடமும் சொல்லலாம். ‘டு இட்’ என்பதற்குப் பதிலாக ‘டு த பன்ச்’ என்றால் குத்துச்சண்டை வாடை வந்துவிடும். அதைப் போட்டி உள்ள இடத்துக்கு வைத்துக்கொள்ளுங்கள். கடைசி நொடியில் கைநழுவியதற்கு ‘பிப்ட் அட் த போஸ்ட்’ என்று ஒன்று உண்டு. குதிரைப் பந்தயத்திலிருந்து வந்த பிரித்தானிய வழக்கு அது. அமெரிக்க வாடிக்கையாளருக்கு எழுதும்போது தவிர்ப்பது நல்லது.

‘ஸ்டீல் எ மார்ச் ஒன்’ வேறு வகை. மார்ச் என்பது இங்கே மாதம் அல்ல, படை நடந்து கடக்கும் தூரம். எதிரிக்குத் தெரியாமல் படையை நகர்த்தி, அவன் விழிக்கும்போது நாம் நல்ல இடத்தைப் பிடித்திருப்பதுதான் மூலக் கருத்து. ஆகவே மறைவான தயாரிப்பு இல்லாத இடத்தில் இது பொருந்தாது. வெள்ளவத்தையில் அருகருகே இரண்டு புடவைக் கடைகள் என்று வைத்துக்கொள்வோம். இரண்டும் தீபாவளிக்கு ஒரு வாரம் முதல் மலிவு விற்பனை தொடங்குவதுதான் வழக்கம். இந்த முறை ஒரு கடை யாருக்கும் மூச்சுவிடாமல் சரக்கை இறக்கி இரண்டு வாரம் முதலே தொடங்கிவிட்டால், அது மற்றக் கடை மீது ‘ஸ்டோல் எ மார்ச்’. வெளிப்படையாக அறிவித்துவிட்டுத் தொடங்கியிருந்தால் ‘காட் இன் ஃபர்ஸ்ட்’ என்பதோடு நிறுத்திக்கொள்ள வேண்டும். ‘ஒன்’ என்பதை விட்டுவிடாதீர்கள், அதன் பின்னால்தான் ஆள் வருவார். ‘ஸ்டீல்’ இருப்பதால் திருட்டு என்று பயப்படவும் வேண்டாம். கெட்டித்தனத்தை ஒப்புக்கொள்ளும் தொனியும் இதில் இருக்கிறது.

இதோடு குழம்புவது ‘ஸ்டீல் ஹிஸ் தண்டர்’. அதில் பறிபோவது நேரம் அல்ல, பாராட்டு. 1709 இல் லண்டன் டுரூரி லேன் அரங்கில் ஜோன் டெனிஸ் தன் நாடகத்துக்காக இடி ஓசை எழுப்பும் புதிய முறை ஒன்றை உண்டாக்கினார். நாடகம் ஓடவில்லை. சில நாளில் அதே அரங்கில் வேறொரு நாடகத்துக்கு அந்த இடி முழங்க, என் இடியைத் திருடிவிட்டார்கள் என்று அவர் கத்தினாராம். நீங்கள் அறிவிக்கவிருந்த நல்ல செய்தியை மனேஜர் கூட்டத்தில் தன்னுடையதுபோல் அவிழ்த்துவிட்டால் இந்தத் தொடர் பொருந்தும். சும்மா முந்திச் சொன்னதற்கு இது அதிகம்.

இனி ப்ரீஎம்ப்ட். இதன் லத்தீன் வேரில் இருப்பது ‘வாங்குதல்’. முதலில் வந்தது ‘ப்ரீஎம்ப்ஷன்’ என்ற பெயர்ச்சொல். மற்றவர்களுக்கு முன் வாங்கும் உரிமை என்பது அதன் பொருள். அமெரிக்காவில் 1841 ஆம் ஆண்டின் ப்ரீஎம்ப்ஷன் சட்டம், அரச நிலத்தில் ஏற்கெனவே குடியேறியிருந்தவர் பொது ஏலத்துக்கு முன் 160 ஏக்கர் வரை, ஏக்கர் 1.25 டொலருக்கு வாங்க இடம் கொடுத்தது. வினைச்சொல் அந்தப் பெயர்ச்சொல்லிலிருந்து பிற்பாடு பிரித்தெடுக்கப்பட்டது. யாழ்ப்பாணத்துக் காணி வழக்குகள் பழக்கமானவர்களுக்கு இதை விளக்கவே தேவையில்லை. வடபகுதித் தமிழரின் வழக்காற்றுச் சட்டமான தேசவழமையில் பங்காளிக்கு அறிவிக்காமல் கூட்டுக் காணியின் பங்கை வெளியாளுக்கு விற்றால், பங்காளி நீதிமன்றம் போகலாம். அந்த உரிமைக்கு ஆங்கிலப் பெயர் ப்ரீஎம்ப்ஷன்தான். 1947 இல் அதற்கென்றே ஒரு கட்டளைச் சட்டமும் வந்தது.

அந்தக் காணியை நினைவில் வைத்தால் வினையின் இன்றைய பொருளும் பிடிபடும். ப்ரீஎம்ப்ட் செய்கிறவர் மற்றவருக்கு முன் ஓடுவதோடு நிற்பதில்லை. மற்றவர் செய்ய இருந்ததற்கு இடமே இல்லாமல் ஆக்கிவிடுகிறார். பிரிட்ஜ் சீட்டாட்டத்தில் ஒரே இனத்தில் ஏழு சீட்டும் பலவீனமான கையும் உள்ளவர் எடுத்த எடுப்பில் மூன்றாம் மட்டத்தில் ஏலக் கேள்வி வைப்பார். எதிர்ப்பக்கம் பேசுவதற்கு வேண்டிய படிகளை விழுங்கிவிடுவதே நோக்கம். அதன் பெயரும் ப்ரீஎம்ப்ட். கணினிக்காரர் சொல்லும் ‘ப்ரீஎம்ப்டிவ் மல்டிடாஸ்கிங்’ என்பதும் இதே வழி வந்தது. ஓடிக்கொண்டிருக்கும் புரோகிராம் தானாக விட்டுக்கொடுக்கும் வரை காத்திராமல், இயங்குதளமே புரொசசரைப் பறித்து அடுத்ததற்குக் கொடுக்கும்.

எனவே ப்ரீஎம்ப்ட் என்பதன் பின் வரவேண்டியது செயல்: கேள்வி, முறைப்பாடு, விமர்சனம், தீர்மானம், வேலைநிறுத்தம். “லெட் மீ ப்ரீஎம்ப்ட் யுவர் க்வெஸ்ச்சன்” என்றால், நீங்கள் கேட்க முதலே பதில் சொல்லிவிடுகிறேன் என்று அர்த்தம். ஆளை நேரே வைத்து “சொரி டு ப்ரீஎம்ப்ட் யூ” என்று பேச்சில் சொல்வதும் உண்டு, அது பிழையல்ல. பிழை எங்கே என்றால், ‘ப்ரிவென்ட்’ போல நினைத்து “ப்ரீஎம்ப்ட் ஹிம் ஃப்ரம் ஆஸ்கிங்” என்று நீட்டுவதில். ‘ஃப்ரம்’ இந்த வினைக்குப் பின்னால் வராது.

கெடுதியை முந்தும்போது ‘ஃபோர்ஸ்டோல்’ கைகொடுக்கும். இதன் சரித்திரம் கொஞ்சம் சுவையானது. பழைய ஆங்கிலத்தில் வழிமறித்துத் தாக்குவதற்குப் பெயர் இது. பிறகு சந்தைக் குற்றம் ஒன்றின் பெயராயிற்று. அதை நம்மூரில் வைத்துப் பார்க்கலாம். மெனிங் சந்தை புறக்கோட்டையிலிருந்து பேலியகொடைக்குப் போய்விட்டது அல்லவா? தம்புள்ளையிலிருந்து மரக்கறி ஏற்றி வரும் லொறியை, சந்தை வாசலுக்கு ஒரு மைல் முன்பே ஒருவர் மறிக்கிறார். சுமையை அப்படியே பேசி வாங்கி, உள்ளே கொண்டுபோய்த் தான் நினைத்த விலைக்கு விற்கிறார். இங்கிலாந்தில் நூற்றாண்டுகளாக இது தண்டனைக்குரிய குற்றம். அது முழுமையாக நீக்கப்பட்டது 1844 இல்தான். குற்றம் போய்விட்டது, வழிமறிக்கும் சாயல் மட்டும் சொல்லில் தங்கிவிட்டது. ஒன்று வந்துகொண்டிருக்கிறது, அது வந்து சேருமுன் பாதையில் நின்று மறிக்கிறீர்கள். இதுதான் ஃபோர்ஸ்டோல்.

மறித்தது நிரந்தரமாக நிற்கும் என்று இந்தச் சொல் உறுதி தருவதில்லை. இதைத்தான் பலர் தவறவிடுகிறார்கள். 2022 ஜனவரியில் இலங்கை 50 கோடி டொலர் பெறுமதியான பன்னாட்டு முறியைக் குறித்த நாளில் செலுத்தியது. அந்தக் கொடுப்பனவு கடன் தவறுவதை ‘ஃபோர்ஸ்டோல்ட்’ என்று எழுதலாம். ‘ப்ரிவென்டட்’ என்று எழுத முடியாது, ஏனென்றால் ஏப்ரல் 12 அன்று வெளிநாட்டுக் கடன் கொடுப்பனவை நிறுத்துவதாக அறிவித்தாயிற்று. ப்ரிவென்ட் என்றால் கடைசிவரை நடக்கவே இல்லை என்று பொருள். அறிக்கை எழுதும் கணக்காளரும் வங்கி அலுவலரும் இந்த வித்தியாசத்தைக் கவனிக்க வேண்டும்.

ஃபோர்ஸ்டோல் செயப்பாட்டுவினையில் ஆளோடும் வரும், ஆனால் அது கொஞ்சம் பழைய நடை. 1858 ஜூனில் இயற்கை ஆய்வாளர் வொலஸின் கட்டுரை கையில் கிடைத்தபோது, இருபது ஆண்டாகத் தான் அடைகாத்த இயற்கைத் தேர்வுக் கருத்தை இன்னொருவர் எழுதிவிட்டார் என்று கண்ட டார்வின், நண்பரான புவியியலாளர் லையலுக்கு எழுதிய கடிதத்தில் தன் நிலைக்குப் பயன்படுத்திய சொல் இதுதான். இன்றைய ஆராய்ச்சி மாணவர் அதே இடத்தில் “ஐ காட் ஸ்கூப்ட்” என்பார். ‘ஸ்கூப்’, மற்றவர்களை முந்திச் செய்தி வெளியிடுவதற்குப் பத்திரிகைத் தொழிலில் வழங்கி, ஆய்வுகூடத்துக்குப் போன சொல்.

ப்ரிவென்ட் கூட ஒரு காலத்தில் ‘முன்னே வருதல்’ என்ற பொருளில்தான் இருந்தது. 1611 ஆம் ஆண்டின் ஆங்கில வேதாகமத்தில் 119 ஆம் சங்கீதம், 147 ஆம் வசனத்தில் பாடுகிறவர் விடியலை ‘ப்ரிவென்ட்’ செய்ததாக வரும். விடியமுன் எழுந்துவிட்டார், அவ்வளவுதான். பழைய ஆங்கிலிக்கன் மன்றாட்டிலும் ஆண்டவரே எங்களை ‘ப்ரிவென்ட்’ செய்யும் என்று இருக்கிறது. முன்னே நடந்து வழிகாட்டும் என்ற வேண்டுதல் அது. இன்று இந்தப் பொருளில் எழுதினால் யாருக்கும் விளங்காது. கோயிலில் கேட்டுக் குழம்பியவர்களுக்காகச் சொன்னேன்.

சிறிய தொல்லைகளுக்கு ஃபோர்ஸ்டோல் கனமாக இருக்கும். அங்கே ‘ஹெட் ஒஃப்’ இயல்பு: “கோல் ஹிம் நவ் அண்ட் ஹெட் ஒஃப் த ஆர்கியுமென்ட்”. முளையிலேயே கிள்ளுவதற்கு ‘நிப் இன் த பட்’. செயப்படுபொருள் நடுவில் வரவேண்டும், “நிப் இட் இன் த பட்”. கடைசிச் சொல் மொட்டைக் குறிப்பது. அதை ‘பட்’ என்று ஒலிக்கும் வேறு சொற்களாக எழுதிச் சிரிப்பை வரவழைத்த மின்னஞ்சல்கள் ஏராளம்.

அடுத்தது ‘அன்டிசிபேட்’. ‘எக்ஸ்பெக்ட்’ என்பதற்குக் கொஞ்சம் கோட்டும் டையும் போட்ட சொல் என்று நினைத்துத்தான் அலுவலகங்களில் இதை எழுதுகிறார்கள். அந்தப் பொருளிலும் அகராதிகள் ஏற்றுக்கொண்டுவிட்டன, சண்டை போட்டுப் பயனில்லை. ஆனால் சொல்லின் பலம் இருப்பது, எதிர்பார்த்து அதற்கு ஏற்பச் செயற்படுவதில். சுழல்பந்து காலுக்கு வெளியே போகும் என்று விக்கெட் காப்பாளர் நினைத்தால் ‘எக்ஸ்பெக்ட்’. நினைத்து, பந்து பிட்ச் ஆகுமுன்பே இடப்பக்கம் நகர்ந்துவிட்டால் ‘அன்டிசிபேட்’. இலங்கையில் 1997 ஆம் ஆண்டின் பிணைச் சட்டம் தரும் முன்பிணைக்கு ‘அன்டிசிபேட்டரி பெயில்’ என்று பெயர் வந்ததும் இப்படித்தான். கைதாவோம் என்று அஞ்சுகிறவர் கைதாகுமுன் நீதிமன்றத்தை நாடுகிறார்.

இலக்கணத்தில் ஒரு பொறி உண்டு. “வி எக்ஸ்பெக்ட் டு ஃபினிஷ்” சரி, “வி அன்டிசிபேட் டு ஃபினிஷ்” பிழை. “வி அன்டிசிபேட் ஃபினிஷிங்” அல்லது “வி அன்டிசிபேட் தட்...” என்று எழுதுங்கள். ப்ரீஎம்ப்ட் செய்தால் கேள்வி எழாது, அன்டிசிபேட் செய்தால் கேள்வி எழும், உங்களிடம் பதில் தயாராக இருக்கும். நேர்முகத் தேர்வுக்குப் போகிறவருக்கு இரண்டாவதுதான் தேவை.

‘ப்ரீஎம்ப்டிவ்’, ‘ப்ரிவென்டிவ்’ என்ற இரண்டு பெயரடைகளைச் செய்திகளில் மாறி மாறிப் போடுகிறார்கள். சர்வதேசச் சட்டம் படிக்கிறவர்களுக்கு இவை இரண்டும் வேறு. எதிரி கையை ஓங்கிவிட்டான், அடி விழுமுன் அடிப்பது முன்னது. எதிரி எப்போதாவது பலமாகிவிடுவான் என்று இப்போதே அடிப்பது பின்னது. அளவுகோல் 1837 டிசெம்பரில் நயாகரா ஆற்றில் பிரித்தானியப் படை ‘கரோலைன்’ என்ற அமெரிக்கக் கப்பலை எரித்த விவகாரத்திலிருந்து வந்தது. தற்காப்பு என்றால் வேறு வழி தேடவோ யோசிக்கவோ நேரமே இல்லாத அவசரம் இருந்திருக்க வேண்டும் என்று அமெரிக்க இராஜாங்கச் செயலர் டானியல் வெப்ஸ்டர் 1841 இல் வாதிட்டார். இஸ்ரேல் 1967 ஜூன் 5 அன்று எகிப்திய விமானத் தளங்களைத் தாக்கியதை முன்னதற்கும், 1981 இல் ஈராக்கின் ஒசிராக் அணு உலையைத் தாக்கியதைப் பின்னதற்கும் உதாரணமாகப் பாடப்புத்தகங்கள் காட்டும். 1967 பற்றி இன்னும் தர்க்கம் ஓயவில்லை. நம் நாட்டில் ‘ப்ரிவென்டிவ் டிடென்ஷன்’, அதாவது தடுப்புக்காவல், என்றால் என்ன என்று 1979 ஆம் ஆண்டின் பயங்கரவாதத் தடைச் சட்டத்துக்குப் பிறகு தமிழருக்குப் பாடம் எடுக்க வேண்டியதில்லை. கட்டுரையில் அதை ‘ப்ரீஎம்ப்டிவ் டிடென்ஷன்’ என்று மாற்றி எழுதாதீர்கள், சட்டச் சொல் ஒன்றுதான். டெங்குப் புகையடிப்பதும் ‘ப்ரிவென்டிவ்’தான். ‘ப்ரிவென்டேட்டிவ்’ என்று ஓர் அசை கூட்டினாலும் அதே பொருள், கூட்டுவதில் லாபம் இல்லை.

முந்தியது தப்பாகிவிட்டால் ‘ஜம்ப் த கன்’. ஓட்டப்பந்தயத் துப்பாக்கி வெடிக்குமுன் பாய்வது. 2011 இல் டேகுவில் நூறு மீற்றர் இறுதியில் உசைன் போல்ட் இப்படிப் பாய்ந்து, ஓடாமலே வெளியேறினார். முந்திய ஆண்டுதான் ஒரு பிழைக்கே நீக்கம் என்று விதியை இறுக்கியிருந்தார்கள். வெடிச்சத்தத்துக்குப் பின் 0.1 செக்கனுக்குள் அசைந்தாலும் முந்திப் பாய்ந்ததாகவே கணக்கு. அதாவது இந்தத் தொடரில் பிழை நேரத்தைப் பற்றியது. அனுமதி வருமுன், தகவல் உறுதியாகுமுன் செய்துவிட்டீர்கள். மற்றவரின் முறையைப் பறித்தால் அது ‘ஜம்ப் த கியூ’. 2022 பெற்றோல் வரிசைகளில் நடந்த சண்டை எல்லாம் இந்த இரண்டாவதைப் பற்றியது. சிவப்பு விளக்கில் போனால் ‘ஜம்ப் த லைட்ஸ்’. மூன்றிலும் பாய்ச்சல் ஒன்று, குற்றம் வேறு வேறு. கிரிக்கெட்டில் பந்து கையை விட்டுப் போகுமுன் மறுமுனைத் துடுப்பாட்டக்காரர் நகர்வதை ‘பெக்கிங் அப் டூ ஃபார்’ என்பார்கள். 2014 இல் எட்ஜ்பாஸ்டனில் சச்சித்ர சேனாநாயக்க ஜொஸ் பட்லரை ஆட்டமிழக்கச் செய்தது அதற்காகத்தான். அங்கே ‘ஜம்ப் த கன்’ என்று யாரும் சொல்வதில்லை.

பங்குச் சந்தைக்காரர் எச்சரிக்கையாக இருக்க வேண்டியது ‘ஃப்ரன்ட் ரன்னிங்’. வாடிக்கையாளரின் பெரிய ஓடர் கையில் வந்ததும், அதைச் சந்தையில் போடுமுன் தரகர் தன் கணக்கில் வாங்கிக்கொள்வது. ஓடர் போனதும் விலை ஏறும், அவர் விற்று லாபம் எடுப்பார். ஆனால் ‘ஃப்ரன்ட் ரன்னர்’ என்றால் போட்டியில் முன்னணியில் நிற்பவர், அது பாராட்டு. தற்குறிப்பில் “எக்ஸ்பீரியன்ஸ் இன் ஃப்ரன்ட் ரன்னிங்” என்று பெருமையாக எழுதினால் வேலை போனமாதிரித்தான்.

‘ப்ரோஎக்டிவ்’ பற்றி அதிகம் சொல்ல ஒன்றும் இல்லை. யாரும் சொல்லுமுன் தானே செய்வது என்று பொருள், எல்லாத் தற்குறிப்பிலும் இருப்பதால் இப்போது எதையும் சொல்லாத சொல். அதை அழித்துவிட்டு, சொல்லாமலே செய்த ஒரு வேலையை எழுதுங்கள்.

கூட்டத்தைக் குறித்த நாளுக்கு முன் வைப்பதற்கு நாம் சொல்லும் ‘ப்ரீபோன்’ தெற்காசிய ஆங்கிலம். ஆங்கில அகராதிகளும் இன்று அப்படியே குறித்து ஏற்றிருக்கின்றன. கொழும்புக்குள் எழுதத் தடையில்லை. லண்டனுக்கோ மெல்பேர்னுக்கோ எழுதினால் ‘ப்ரிங் ஃபோவர்ட்’ என்று போடுங்கள்: “த மீட்டிங் ஹேஸ் பீன் ப்ரோட் ஃபோவர்ட் டு டியூஸ்டே”. ‘மூவ்ட் ஃபோவர்ட்’ என்று எழுதினால் முன்னுக்கா பின்னுக்கா என்று கேட்டு இன்னொரு மின்னஞ்சல் வரும். கடித முடிவில் போடும் “தேங்கிங் யூ இன் அட்வான்ஸ்” என்பதும் ஒரு வகை முந்தல்தான். நீங்கள் செய்துதான் ஆகவேண்டும் என்ற தொனி அதில் சிலருக்குக் கேட்கும். உதவி கேட்கும் கடிதத்தில் “ஐ வுட் பி கிரேட்ஃபுல் இஃப் யூ குட்...” என்று கேட்டுவிட்டு, காரியம் முடிந்தபிறகு தனியாக ஒரு வரி நன்றி அனுப்புங்கள்.